சோழவந்தான் ஷெட்யூல்

ஏப்ரல் 27, 2025, ஞாயிறு

பாண்டியன் எக்ஸ்பிரஸில் வந்து விடியற்காலையில் மதுரை ஜங்ஷனில் இறங்கினேன். கம்பெனி கார் நின்றது. முன்கண்ணாடியில் ‘டைரக்டர்’ என்று பேப்பர் ஒட்டியிருந்தார்கள். கதவைத் திறந்து பையை வைக்கிறேன், டிரைவர் தம்பி எனக்குப் பின்னால் எட்டிப் பார்க்கிறார். “டைரக்டர் சார் எந்தக் கோச்சுலண்ணே வர்றாரு?”

அவர் மேல் தப்பில்லை. பதினெட்டு வருஷமாகச் சித்தப்பா, தாய்மாமன், வட்டிக்காரன் என்று நடித்துக்கொண்டிருப்பவன் நான். இந்த சீரியலிலும் சித்தப்பாதான். போன மாதம் டைரக்டர் வேறு புராஜெக்டுக்குப் போய்விட்டார். புரொட்யூசர் போன் போட்டார்: “கதை உங்க ஊருக்குத்தானண்ணே வருது. இந்த ஷெட்யூல நீங்களே பாத்துக்கங்க.” நாலைந்து மாதமாக செகண்ட் யூனிட்டில் கோயில், பஸ் ஸ்டாண்ட், ஆஸ்பத்திரி வாசல் என்று துண்டு துண்டாக எடுத்துக் கொடுத்திருக்கிறேன். என் தகுதி அவ்வளவுதான். நான் கேமராவுக்குப் பின்னால் நிற்க வேண்டுமென்பதால் சித்தப்பாவைத் துபாய்க்கு அனுப்பிவிட்டார்கள். விசாவுக்குக்கூட ஒரு சீன் வைக்கவில்லை.

ஏப்ரல் 28, திங்கள்

பூசணிக்காய் சுற்றி உடைத்து, கேமராவுக்குச் சந்தனம் வைத்து, ஏழரைக்கு முதல் ஷாட். சோழவந்தானில் ஆற்றோரமாகப் பழைய வீடு. திண்ணை, முற்றம், மெத்தை (எங்கள் ஊரில் மாடியை அப்படித்தான் சொல்வோம்), பின்னால் வெற்றிலைக் கொடிக்கால். வீட்டுக்காரர் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். “வெத்தலையத் தெளிவாக் காமிங்க சார். 2023-ல புவிசார் குறியீடு வாங்கினது.”

திண்ணையில் அண்ணனும் தங்கையும் பேசும் சீன். இரண்டு பேரும் சேர்ந்து தெரிகிற மாஸ்டர் ஷாட் போயாச்சு, அண்ணன் தோளுக்குப் பின்னாலிருந்து தங்கை முகத்தைப் பார்க்கிற சஜஷன் ஷாட்டும் போயாச்சு. அண்ணன் பக்கம் வெளிச்சம் நன்றாக இருக்கிறதே என்று கேமராவைத் தூக்கி அந்தப் பக்கம் வைக்கச் சொன்னேன். யாரும் நகரவில்லை. கேமராமேன் தம்பி பக்கத்தில் வந்து, மற்றவர்களுக்குக் கேட்காத மாதிரி, “லுக் இடிக்கும்ணே” என்றார்.

பதினெட்டு வருஷமாக “லெஃப்ட் லுக் குடுங்கண்ணே” என்றால் கொடுத்தவன். எதற்கு லெஃப்ட் என்று ஒரு நாளும் கேட்டதில்லை. தம்பி சாக்பீஸை எடுத்துத் திண்ணையில் இரண்டு வட்டம் போட்டு நடுவே ஒரு கோடு இழுத்தார். கோட்டுக்கு இந்தப் பக்கமே கேமரா இருந்தால் ஒருத்தர் இடது, ஒருத்தர் வலது பார்ப்பார்கள், பேசிக்கொள்கிற மாதிரி இருக்கும். தாண்டினால் இரண்டு பேரும் ஒரே பக்கம் பார்ப்பார்கள், பஸ்ஸுக்குக் காத்திருக்கிற மாதிரி. இரண்டு நிமிஷத்தில் புரிந்துவிட்டது. அந்த இரண்டு நிமிஷத்தை நான் பதினெட்டு வருஷம் தள்ளிப்போட்டிருக்கிறேன்.

எட்டு சீன் எடுக்க வேண்டிய நாளில் ஐந்துதான் முடிந்தது. மேனேஜர் ஒன்றும் சொல்லவில்லை. வாட்சை மட்டும் கழற்றி மறுபடி கட்டிக்கொண்டார்.

ஏப்ரல் 30, புதன்

ஹீரோயின் பொண்ணு தயங்கித் தயங்கிச் சொன்னது. “சார், நீங்க மானிட்டர் பக்கத்துல உக்காந்து என் டயலாக்கெல்லாம் வாயசைக்கிறீங்க. கண்ணுல பட்டுக்கிட்டே இருக்கு. உங்க வேகத்துக்கே நானும் பேசிடறேன்.”

எனக்குத் தெரியவே தெரியாது. ஃபோகஸ் புல்லர் தம்பியிடம் கேட்டால் சிரிக்கிறான். முதல் நாளிலிருந்தே யூனிட் முழுக்க இதுதான் பேச்சாம். ஹீரோயின் வசனம் மட்டுமா, மாமியார் வசனம், பால்காரன் வசனம், எல்லாம் என் உதட்டில் ஓடுகிறதாம்.

மத்தியானத்துக்கு மேல் ஒரு யோசனை. வாய் நிறைய வெற்றிலையை அடக்கிக்கொண்டு உட்கார்ந்தேன். உதடு அசையவில்லை. ஷாட் முடிந்தபோது ‘கட்’டும் வரவில்லை. நான் எழுந்து தென்னைமரத்தடிக்கு ஓட, ஆர்டிஸ்டுகள் இரண்டு பேரும் கட் வராததால் சொந்தமாக அழுதுகொண்டே இருந்தார்கள்.

மே 2, வெள்ளி

பாட்டி வேஷத்துக்குப் போட்டிருந்த அம்மாவுக்கு வேறு சீரியலில் கால்ஷீட் இடித்துவிட்டது. சென்னையிலிருந்து ஆள் அனுப்ப நாலு நாள் ஆகும் என்றார்கள். மதுரைக்கு, சுண்ணாம்புக்காரத் தெருவுக்குப் போனேன்.

நாடக நடிகர் சங்கம் இருக்கிற தெரு. நான் கிளம்பி வந்த இடம். சீரியலுக்கு முன்னால் நான் ஸ்பெஷல் நாடகத்தில் பபூன், அதாவது சிரிக்க வைக்கிறவன். இந்தத் தலைமுறைக்கு விளக்க வேண்டும்: அது கம்பெனி நாடகம் கிடையாது. திருவிழாவுக்கு ஊர்க்காரர்கள் ராஜபார்ட் என்கிற கதாநாயகனை ஒரு ஊரிலிருந்தும் ஸ்திரீபார்ட் என்கிற கதாநாயகியை ஒரு ஊரிலிருந்தும் தனித்தனியாக புக் செய்வார்கள். பபூன், அவனோடு ஆடுகிற டான்ஸ்காமிக், ஆர்மோனியப் பெட்டி, மிருதங்கம், மற்ற தாளச் சத்தமெல்லாம் கொடுக்கிற ஆல்ரவுண்ட், எல்லாம் தனித்தனிதான். ஒத்திகை கிடையாது. ராத்திரி பத்து மணிக்கு மேக்கப் போடும்போதுதான் வள்ளிக்கு நாரதர் யார் என்று தெரியும். விடியவிடிய வள்ளி திருமணம் ஓடும். கதை எல்லாருக்கும் தெரியும், பாட்டும் தெரியும். எதிராளி என்ன சொல்வான் என்பது மட்டும் தெரியாது. தர்க்கத்தில் மடக்கினால் கைதட்டல், மாட்டிக்கொண்டால் அசிங்கம். ‘கட்’ என்று ஒரு மனுஷன் சொல்லும் உலகத்தை நான் சென்னைக்குப் போய்த்தான் பார்த்தேன்.

டைரக்டர் என்ற சொல் அங்கே கிடையாது. வாத்தியார்தான். எங்களுக்கெல்லாம் பெரிய வாத்தியாரான சங்கரதாஸ் சுவாமிகளே (1867–1922) முதலில் நடிகர். எமன், சனீஸ்வரன் என்று பயங்கர வேஷங்கள் கட்டியவர். அவர் சனீஸ்வரனாக வந்ததைப் பார்த்து ஒரு கர்ப்பிணிக்குக் கரு கலைந்துவிட்டதாகவும், அதோடு வேஷம் கட்டுவதை விட்டுவிட்டு எழுதவும் சொல்லிக்கொடுக்கவும் போனதாகவும் எங்கள் ஆட்கள் சொல்வார்கள். 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபை என்ற சிறுவர் நாடகக் கம்பெனியை ஆரம்பித்தார். பின்னால் சொந்தமாக நாடகக் கம்பெனி நடத்திய டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கே பயின்ற பிள்ளைகள். அவர் நடிப்பை விட்டதற்கு அப்பேர்ப்பட்ட காரணம். எனக்கு? சித்தப்பா துபாய் போய்விட்டார்.

சங்கத்து வாசலில் அக்காவைப் பார்த்தேன். தொண்ணூறுகளில் நான் பபூனாக நின்ற எத்தனையோ மேடைகளில் அவர்தான் வள்ளி. இப்போது அறுபத்தேழு வயது. பங்குனி, சித்திரை சீசனிலும் அழைப்பு இல்லை. “டேய் பபூனு, டிவியில பாத்தேன். கொன்னுட்டானுகளாமே ஒன்னய?” துபாய்க்குத்தான் அனுப்பினார்கள் என்று சொல்லி, காரில் ஏற்றிக் கூட்டி வந்தேன்.

மே 3, சனி

அக்காவின் முதல் சீன். எங்கள் சீரியலுக்குக் குரலைப் பிறகுதான் டப்பிங்கில் சேர்ப்பார்கள். அதனால் அசிஸ்டெண்ட் டைரக்டர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வரி வரியாக ப்ராம்ப்ட் கொடுப்பான், ஆர்டிஸ்ட் அதைத் திருப்பிச் சொல்ல வேண்டும். எல்லாருக்கும் பழகியது.

அசிஸ்டெண்ட்: “எங்கப்பா போயிருந்த இத்தன நாளா?”

அக்கா அவனைத் திரும்பிப் பார்த்து: “நான் இங்கனதானப்பா இருக்கேன்.”

யூனிட் சிரித்து உருண்டது. ரீடேக்கில் மறுபடியும். ‘சாப்ட்டியா’ என்று ப்ராம்ப்ட் கொடுத்தால் “இன்னும் இல்ல” என்கிறார். விளையாடவில்லை. அரை நூற்றாண்டாக எதிரில் ஒருத்தர் கேட்டால் பதில் சொல்லிப் பழகிய வாய். கேட்டதையே திருப்பிச் சொல்வது அவருக்குக் கிறுக்குத்தனமாகப் படுகிறது. யோசித்துப் பார்த்தால் அவர் பக்கம்தான் நியாயம்.

ப்ராம்ப்டை நிறுத்தச் சொன்னேன். சீனின் விஷயத்தை மட்டும் காதில் போட்டுவிட்டு, ஹீரோயினையும் அவரையும் எதிரெதிரே உட்கார வைத்து இரண்டு கேமராவில் ஓட்டினோம். ஏழு நிமிஷம் தர்க்கம். பேத்தி பாவம், ஓர் இடத்தில் நிஜமாகவே மாட்டிக்கொண்டு முழித்தது. அந்த முழியைத்தான் புரோமோவுக்கு எடுத்திருக்கிறார்கள்.

அக்காவிடம் இரண்டு சிக்கல். ஒன்று, குரல். கடைசி வரிசைக்குக் கேட்கிற மாதிரிதான் பேசுவார். இன்னொன்று நான். “நீ சொல்லி நான் நடிக்கிறதாடா?” என்று எல்லார் முன்னாலும் கேட்டார். கேட்டுவிட்டு, சொன்ன இடத்தில் போய் நின்றார்.

மே 8, வியாழன்

மீனாட்சி திருக்கல்யாணம். வியாழன் என்பதால் டிஆர்பியும் வந்தது. இறங்கியிருக்கிறது. கிராமத்து டிராக்கை சீக்கிரம் முடியுங்கள் என்று சேனலிலிருந்து போன். நான் எடுத்தது இன்னும் ஒளிபரப்பே ஆகவில்லை. சொல்லிப் பார்த்தேன், எடுபடவில்லை.

மே 9, வெள்ளி

கத்திரி. மெத்தையில் வெளிச்சத்தைத் திருப்பத் தெர்மோகோல் பிடித்துக்கொண்டிருந்த லைட்மேன் மயங்கி விழுந்தார். மோர் கொடுத்து, மூன்று மணி வரைக்கும் பிரேக் விட்டேன். மேனேஜர் வாட்சைக் கழற்றினார்.

மே 12, திங்கள்

விடுமுறை. அழகர் ஆற்றில் இறங்குகிற நாளில் மதுரை ஆட்களிடம் கால்ஷீட் கேட்க எனக்கு வாய் வராது.

ஆழ்வார்புரம் பக்கம் நெருங்கவே முடியவில்லை. யானைக்கல் பக்கமாக ஒரு இடுக்கில் நின்றேன். எனக்கு முன்னால் குள்ளமாக ஒரு அம்மா, கையில் சர்க்கரைச் சொம்பு, அதன்மேல் வாழையிலை, சூடம். அவருக்கு முன்னால் நாலு ஆள் உயரத்துக்குக் கூட்டம். அழகரும் தெரியாது, குதிரையும் தெரியாது, முதுகுகள்தான் தெரியும். அந்த அம்மா முதுகுகளையே பார்த்துக்கொண்டிருந்தார். முன்வரிசையில் கைகள் மேலே போயின. அடுத்த வரிசை போனது. அந்த அம்மாவின் முகம் மாறியது. சூடத்தை ஏற்றினார். அவர் பார்த்தாயிற்று.

நானும் அவர் முகத்தில்தான் அழகரைப் பார்த்தேன். ‘டைட் க்ளோஸ்’ என்று மனசுக்குள் ஓடியதற்கு அழகர் மன்னிக்க வேண்டும்.

திரும்பி வரும்போது பஸ் இல்லை. நடந்துகொண்டே யோசித்தேன். எங்கள் தொழிலில் போக்குவரத்து பெரும்பாலும் எதிர்த்திசைதான், டைரக்‌ஷனிலிருந்து நடிப்புக்கு. தேனிப் பக்கத்து மாரிமுத்து சார் இரண்டு படம் இயக்கியவர், ‘எதிர்நீச்சல்’ சீரியலில் ஆதி குணசேகரனாக வந்த பிறகுதான் வீட்டுக்கு வீடு தெரிந்தார். அந்தச் சீரியல் டப்பிங்கின்போதே 2023 செப்டம்பர் 8-இல் போய்ச் சேர்ந்தார். திருமுருகன் சார் இயக்கிக்கொண்டே நடிப்பவர். 2014 மார்ச் 5-ஆம் தேதி, பக்கத்துக் காரைக்குடியிலிருந்து ‘நாதஸ்வரம்’ ஆயிரமாவது எபிசோடை 23 நிமிடம் 25 விநாடி ஒரே ஷாட்டில் நேரலையாகக் கொடுத்தாரே, அன்றைக்கு நான் டிவி முன்னால் எழுந்து நின்றே பார்த்தேன். ஸ்பெஷல் நாடகக்காரனுக்குத்தான் அந்த பயம் புரியும். என்னை மாதிரி நடிப்பிலிருந்து இந்தப் பக்கம் வந்தவர் என்றால் சுஹாசினி மேடம். 1991-இல் தூர்தர்ஷனுக்காக ‘பெண்’ தொடரை இயக்கினார். அவர் வாயசைத்தாரா என்று யாராவது கேட்டுச் சொன்னால் தேவலை.

மே 14, புதன்

கடைசி நாள். வீட்டை விற்றுவிட்டேன் என்று பெரிய மகன் பாட்டியிடம் சொல்லும் சீன். டயலாக் ரைட்டர் ராத்திரி ஒன்றரைக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினார். பாட்டிக்கு இரண்டு பக்கம் சாபம், மண்ணை வாரித் தூற்றுவது உள்பட. காலையில் எல்லாவற்றையும் அடித்தேன்.

அக்காவுக்குக் கோபம். “வசனம் இல்லேன்னா கூலியக் கொறச்சுருவானுகளா?”

“இல்லக்கா. அதே பேட்டாதான்.”

“மேடையில வாய மூடிக்கிட்டு நின்னா கல்லு விட்டுருவாங்கெடா.”

“இங்க கல்லு விடுறவங்கெல்லாம் அவங்கவங்க வீட்ல இருக்காங்க. நீங்க சும்மா கேட்டுக்கிட்டு இருங்க, போதும்.”

பெரிய மகனாக நடிப்பவருக்கு மத்தியானம் ரயில். அவருடைய பக்கத்தை முதலில் எடுத்து அனுப்பிவிட்டோம். அக்காவின் க்ளோஸுக்கு எதிரில் ஆள் இல்லை. நானே கேமராவை ஒட்டி நின்று மகனின் வசனத்தைச் சொன்னேன். பதினேழு நாளில் இன்றைக்குத்தான் வாய் திறக்க எனக்கு அனுமதி.

மடியில் வெற்றிலைப் பெட்டி. வீட்டுக்காரர் வீட்டுப் பித்தளைப் பெட்டிதான். அக்கா ஒரு வெற்றிலையை எடுத்துக் காம்பைக் கிள்ளி, இலையின் முதுகில் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தார். மூன்றாவது வரியில் ‘வித்துட்டேம்மா’ என்று நான் சொன்னதும் விரல் நின்றது. என்னைப் பார்த்தார். அடுத்த வரி எனக்கு மறந்துபோனது. அசிஸ்டெண்ட் தம்பி குனிந்து எனக்கு ப்ராம்ப்ட் கொடுக்கிறான், காதில் விழுகிறது, வாயில் வரவில்லை. அவர் சுண்ணாம்பு தடவிய வெற்றிலையைப் போட்டுக்கொள்ளவில்லை. பிரித்து மற்ற வெற்றிலைகளோடு திரும்ப அடுக்கினார். விரலில் ஒட்டியிருந்த சுண்ணாம்பைப் பெட்டி விளிம்பிலேயே வழித்தார். மூடியை மூடினார். மூடிய பெட்டியின் மேல் கை வைத்துக்கொண்டு அப்படியே இருந்தார்.

யாரும் அசையவில்லை. கேமராமேன் தம்பி என்னைத் திரும்பிப் பார்த்த பிறகுதான் கட் சொல்ல வேண்டியவன் நான் என்று ஞாபகம் வந்தது.

மே 16, வெள்ளி

சென்னை. எடிட்டர் போன்.

“அண்ணே, பாட்டி க்ளோஸ்ல 40 செகண்டுக்குப் பைலட் டிராக்கே இல்ல. கார்டு காப்பி போடும்போது ஆடியோ போயிருச்சா?”

“போகல. அது அப்படித்தான்.”

“யாருமே பேசலையா?”

“பேசல.”

அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை. மறுபடி ஓட்டிப் பார்க்கிறார் போல.

“சேனல்ல விட மாட்டாங்கண்ணே. 10 செகண்ட் வைக்கிறேன், கீழ வயலின் போட்டுருவோம்.”

பேரம் பேசி 15-க்குக் கொண்டுவந்தேன். வயலின் உண்டு.