பால் கணக்குச் செயலியும் ஒரு புகார்க் கடிதமும்

கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம் எங்கள் ஊர்ப் பால் சங்கத்தில், காலையும் மாலையும் ஊற்றிய பாலின் அளவு, கொழுப்பு, எஸ்.என்.எஃப் (கொழுப்பு நீங்கலான திடப்பொருள்), அன்றைய விலை எல்லாம் இப்போது கைப்பேசிச் செயலியிலேயே வந்துவிடுகின்றன. செயலி மலையாளத்தில் இருந்தாலும் அம்மா எண்களைப் பார்த்தே கணக்கைப் புரிந்துகொள்கிறார். அவருடைய கைப்பேசியில் இடம் நிறைந்துவிட்டதென்று வேண்டாத கோப்புகளை அழித்துக்கொண்டிருந்தபோது, டவுன்லோட்ஸ் கோப்புறையில் அந்தச் செயலியின் பெயரில் ஒரு கோப்பு கிடந்தது. திறந்து பார்த்தால், உறுப்பினர் எண், கைப்பேசி எண், வங்கிக் கணக்கு எண், ஐ.எஃப்.எஸ்.சி குறியீடு, இவற்றோடு செயலிக்குள் நுழைவதற்கான டோக்கனும் எந்த மறையாக்கமும் (என்கிரிப்ஷன்) இல்லாமல் வரிசையாக இருந்தன.

சிக்னல் கிடைக்காத தோப்பிலும் கணக்கைப் பார்க்க வேண்டும் என்பதற்காகச் சேமித்துவைப்பது நியாயமே. சேமித்த இடம்தான் கோளாறு. ஆண்ட்ராய்டு ஒவ்வொரு செயலிக்கும் மற்றவை நுழைய முடியாத தனிக் கோப்புறையை ஒதுக்கித் தருகிறது. அதை விட்டுவிட்டுப் பொதுச் சேமிப்பகத்தில் வைத்தால், கோப்புகளைப் பார்க்கும் அனுமதி பெற்ற வேறொரு செயலியும், பூட்டுத் திறந்திருக்கும் கைப்பேசியில் கேபிள் செருகியவரும் அதை எடுத்துவிடலாம். தனிக் கோப்புறையில் வைத்தாலும் வேலை முடிந்துவிடாது. 2015இல் வந்த ஆண்ட்ராய்டு 6 முதல், செயலியின் தரவு 25 எம்.பி. வரை பயனரின் கூகுள் கணக்குக்குத் தானாகவே பேக்கப் ஆகக்கூடும் என்பதால், டோக்கன் போன்றவற்றை அதிலிருந்து விலக்கிவைப்பது செயலியை எழுதுபவரின் பொறுப்பு. மறையாக்கம் செய்தாலும், அதைப் பிரிக்கும் சாவியை நிரலுக்குள்ளேயே எழுதிவைப்பது, வீட்டைப் பூட்டிவிட்டுச் சாவியை நிலைப்படி மேல் வைத்துப் போவதுதான். சாவிக்கென்றே ஆண்ட்ராய்டில் கீஸ்டோர் என்ற பாதுகாப்புப் பெட்டகம் இருக்கிறது. என்னைக் கேட்டால், வங்கிக் கணக்கு எண்ணை முழுதாகச் சேமிக்கவே வேண்டியதில்லை. கடைசி நான்கு இலக்கங்களைக் காட்டினாலே எந்தக் கணக்கு என்று அம்மாவுக்குத் தெரிந்துவிடும்.

இன்னொரு சந்தேகமும் இருந்தது. செயலி சர்வரிடம் கணக்கைக் கேட்கும்போது உறுப்பினர் எண்ணையும் சேர்த்து அனுப்புகிறது. அதை மாற்றி அனுப்பினால் அடுத்த வீட்டுக்காரர் கணக்கு வந்துவிடுமா? அதை நான் சோதிக்கவில்லை. ஆதாரம் இல்லாமல் யார் கேட்பார்கள் என்று நண்பர்கள் சொன்னார்கள். ஆனால் தகவல் தொழில்நுட்பச் சட்டம், 2000இன் பிரிவு 43, உரிமையாளரின் அனுமதியின்றிக் கணினிக்குள் நுழைவதையே இழப்பீட்டுக்கு உரிய செயலாகக் கொள்கிறது. அதில் மோசடி நோக்கமும் சேர்ந்தால், பிரிவு 66இன்படி மூன்றாண்டு வரை சிறையோ 5 லட்சம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்கலாம். சட்டம் ஒருபுறம் இருக்க, அடுத்தவர் பால் பணத்தை எட்டிப் பார்க்க எனக்கு என்ன உரிமை?

செயலியை உருவாக்கிய நிறுவனத்தின் இணையதளத்தில் பாதுகாப்புக் குறைகளைத் தெரிவிக்கத் தனி முகவரி இல்லை. அதற்கென்று செக்யூரிட்டி.டிஎக்ஸ்டி என்ற சிறு கோப்பை வைக்கும் முறை 2022இல் ஆர்.எஃப்.சி 9116 என்ற இணைய நடைமுறை ஆவணமாக வெளிவந்தும், சிறு நிறுவனங்கள் பல அதைக் கண்டுகொள்வதில்லை. ஆகவே பொது மின்னஞ்சலுக்கே எழுதினேன்: செயலியின் பதிப்பு, ஆண்ட்ராய்டு பதிப்பு, கோப்பு இருக்கும் இடம், அதை மீண்டும் காண்பதற்கான படிகள், எண்கள் மறைக்கப்பட்ட ஒரு ஸ்கிரீன்ஷாட். சர்வர் பற்றியதைச் சந்தேகம் என்றே குறித்து, அவர்களுடைய சோதனைக் கணக்குகளில் பார்த்துக்கொள்ளும்படி கேட்டேன். பணம் கேட்கவில்லை, கேட்டிருந்தால் கடிதத்தின் நிறமே மாறியிருக்கும். திருத்துவதற்கு 90 நாள் அவகாசம் தருவது இத்துறையில் பரவலான வழக்கம் என்பதையும், பதில் இல்லையென்றால் செர்ட்-இன் அமைப்பிடம் தெரிவிப்பேன் என்பதையும் மிரட்டலாகத் தோன்றாதபடி சேர்த்தேன். 2004 முதல் இயங்கும் அந்த மத்திய அரசு அமைப்பு, இத்தகைய குறைகளைப் பெற்று, உரிய நிறுவனத்தோடு பேசித் திருத்த வைக்கிறது.

முதலில் வந்த பதில், நான் எந்த நிறுவனத்தின் ஆள் என்ற கேள்விதான். அம்மாவின் உறுப்பினர் அட்டையைக் குறிப்பிட்டு விளக்கிய பிறகு பேச்சு இளகியது. புதிய பதிப்பில் தரவு தனிக் கோப்புறைக்குள் போய்விட்டது. ஆனால் பழைய கோப்பு டவுன்லோட்ஸில் அப்படியே கிடந்தது. செயலியை நீக்கினாலும் அது போகாது. அதைக் கையால் அழிக்கும் முறையை மலையாளத்திலும் தமிழிலும் எழுதிச் சங்கத்துப் பலகையில் ஒட்டச் செய்திருக்கிறோம். சர்வர் பற்றிய கேள்விக்கு, பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்பதே இன்றுவரை பதில். 90 நாள் இன்னும் முடியவில்லை என்பதால் நிறுவனத்தின் பெயரை இங்கே எழுதவில்லை.