மடைநாச்சிக்கு ஒரு சிரட்டை

கிளிநொச்சியில் எங்கள் வீட்டு விறாந்தையில் ஞாயிறு பின்னேரங்களில் ஐந்தாறு பேர் கூடி ஒரு கதை விளையாட்டு விளையாடுகிறோம். ஆளுக்கொரு பாத்திரம், நடுவில் தாயக்கட்டை, எல்லாம் நடப்பது நான் கொப்பியில் எழுதிவைத்திருக்கும் ஒரு கற்பனை நாட்டில். காடு, வரி, எல்லைச் சண்டை எல்லாம் அந்த நாட்டுக்கு வந்துவிட்டன. காலத்தையும் விதியையும் பார்க்க ஒரு தெய்வம்தான் இல்லாமலிருந்தது. அதைச் செய்யப்போய் இரண்டு மாதம் போய்விட்டது.

முதல் வரைவைச் சொல்லவே வெட்கம். எட்டுக் கை, கறுப்புக் குதிரை, கையில் மணல்கடிகாரம். வாசித்துப் பார்த்தால் காலண்டர்ப் படம் மாதிரி இருந்தது. இந்தச் சாமியை யார், எதற்காக, எந்த நாளில் கும்பிடுவார்கள் என்று தங்கச்சி கேட்டாள். பதில் இல்லை. கிழித்துப்போட்டேன்.

அப்புறம் வேறு பக்கத்தால் யோசித்தேன். இங்கே ஒரு கமக்காரர் விதியை எங்கே சந்திக்கிறார்? குளக்கட்டில்தான். மாரியில் விளையும் காலபோக நெல்லை மழை பார்த்துக்கொள்ளும். கோடையில் செய்யும் சிறுபோகம் அப்படியில்லை. குளத்தில் எத்தனை அடி நிற்கிறது என்பதைப் பார்த்துத்தான் யாருக்கு எவ்வளவு விதைக்கலாம் என்று கூட்டம் வைத்து முடிவெடுப்பார்கள். இரணைமடுக் குளத்தில் தண்ணீர் திறக்கும் நாளும் உங்கள் வாய்க்காலுக்கு முறை வரும் நாளும் ஒன்றில்லை. அந்த இடைவெளிக்குள் பயிர் வாடலாம், பிழைக்கலாம். காலம், பங்கு, விதி மூன்றும் ஒரே துரிசுக்குள்ளால், அதாவது குளத்து மதகுக்குள்ளால் வருகின்றன.

சொல்லும் அங்கேயே கிடைத்தது. மடை என்றால் தண்ணீர் திறக்கும் வாய். தெய்வத்துக்குப் படைப்பதும் மடைதான். வன்னிக் கோயில்களில் மடை பரவுவதைச் சின்ன வயதிலிருந்து பார்க்கிறேன். இரண்டையும் சேர்த்து யோசித்ததே இல்லை. உற்சாகத்தில் சாமிக்கு ‘மடையன்’ என்று பெயரெழுதி அம்மாவிடம் காட்டினேன்.

“சாமி மடையனில்லை தம்பி, பேர் வைச்ச ஆள்தான்,” என்றார்.

மடைநாச்சி ஆனது அப்படித்தான். சிலை கிடையாது. கட்டோரத்து மருதமரத்தடியில் ஒரு கல், அவ்வளவுதான். குளக்கட்டுகளில் ஐயனாருக்கு அப்படிக் கல்லையும் சூலத்தையும் பார்த்த கண்ணுக்கு அது போதும். முறிகண்டியிலிருந்து ஒன்று எடுத்தேன். அங்கே வாகனத்தை நிறுத்திப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்து, கச்சானும் வாங்கிக்கொண்டுதானே எல்லாரும் போவார்கள்? நாச்சியின் கல்லடியில் நிற்காமல் போகிற பாத்திரத்துக்கு அடுத்த முறை இல்லை. வற்றாப்பளை அம்மன் கோயிலில் கடல்நீரில் விளக்கெரிவதையும் மாற்றிச் சேர்க்கலாமென்று ஆசை வந்தது. வேண்டாமென்று விட்டேன். அது அம்மனுடையது.

வழிபாட்டில் கையால் செய்ய ஏதாவது இருக்க வேண்டுமே. பழைய நாழிகை வட்டில் ஞாபகம் வந்தது. அடியில் ஓட்டை போட்ட கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்கவிட்டால், அது நிரம்பித் தாழ எடுக்கும் நேரம் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். செம்புக்கு எங்கே போவது, தேங்காய்ச் சிரட்டையில் செய்தேன். முதல் சிரட்டையில் ஆணியால் துளைத்தேன். 3 நிமிடத்தில் கதை முடிந்தது. இரண்டாவதை உடைந்த கண்ணாடித் துண்டால் உள்ளும் புறமும் வழவழவென்று சுரண்டி, சாக்கு ஊசியின் நுனியைச் சுடவைத்து மெல்லக் குத்தினேன். நிரம்பியது, ஆனால் தாழவில்லை. விளிம்பு வரை தண்ணீரோடு சாய்ந்தபடி மிதந்தது. முல்லைத்தீவிலிருந்து மாமா கொண்டுவந்த வலை ஈயம் இரண்டைக் கட்டிய பிறகு 31 நிமிடம். ஊசியைத் திரும்பத் திரும்பச் சுடவைத்து, ஓட்டையை மயிரிழை மயிரிழையாகப் பெருப்பித்து, நாலாம் நாள் 24க்குக் கொண்டுவந்தேன். ‘குளுக்’ என்று ஒரு சத்தம் போட்டுத்தான் தாழும். அந்தச் சத்தத்துக்காகவே பத்துத் தடவை வைத்துப் பார்த்திருப்பேன்.

விளையாட்டில் ஒருவருடைய முறை சிரட்டை தாழும் வரைதான்.

ஆனால் நாச்சியின் குணத்தை எழுதும்போது பிழைவிட்டேன். பாவம் செய்தவரின் சிரட்டை கெதியாய்த் தாழும் என்று ஒரு வரி. வாசித்துக் காட்டினேன். சித்திரா பௌர்ணமிக்குக் கோயிலில் சித்திரபுத்திரர் கதை படிக்கும்போது ஒரு சொல் விடாமல் கேட்கிற பெரியம்மாவும் அன்று விறாந்தையில் இருந்தார்.

“அப்ப 2009இல போன எங்கட ஆக்கள் என்ன பாவம் செய்தவை?”

யாரும் தாயக்கட்டையைத் தொடவில்லை. அந்த வரியை அங்கேயே வெட்டினேன். கணக்கெழுதச் சித்திரபுத்திரர் இருக்கிறார். நாச்சிக்கு ஏடும் இல்லை, தீர்ப்பும் இல்லை; அளந்து விடுவாள், ஏன் இவ்வளவு என்று சொல்லமாட்டாள். அவளிடம் யாரும் மன்னிப்புக் கேட்பதும் கிடையாது. “என்ர முறை எப்ப?” என்று மட்டும் கேட்கலாம்.

போன ஞாயிறு குழாய்த் தண்ணீர் வராததால் குளத்துத் தண்ணீரை வாளியில் அள்ளி வைத்தேன். 40 நிமிடமாகியும் சிரட்டை தாழவில்லை. தூக்கிப் பார்த்தால் ஓட்டையில் பாசி. முறைக்குக் காத்திருந்த மச்சான் கத்த, இது நாச்சி உறங்கும் நேரம், இந்த நேரத்தில் நடப்பது எவருடைய முறையிலும் சேராது என்று வாய்க்கு வந்ததைச் சொல்லிச் சமாளித்தேன். கொப்பியில் எழுதியும் விட்டேன். இதுவரை எழுதியதில் எனக்குப் பிடித்தது அதுதான்.

பெரியம்மா விளக்குமாற்றிலிருந்து ஒரு ஈர்க்கை உருவி ஓட்டையைக் குத்திவிட்டார். அதையும் சடங்கில் சேர்த்தாயிற்று. யார் குத்தலாம் என்பதில்தான் மச்சானுக்கும் தங்கச்சிக்கும் இன்னும் சண்டை.