அப்பாவின்ட 'இ' எங்க போச்சு?

மகளுக்கு வெளிநாட்டில படிக்க இடம் கிடைச்சு விசா ஃபோர்ம் நிரப்பத் தொடங்கினாப் பிறகுதான் தெரிஞ்சது நான் ஒரு ஆள் இல்ல, நாலு ஆள் எண்டு. காசு காட்டுறது நான் எண்டதால என்ட கடதாசியள் எல்லாம் கேட்டவை. இதே அலைச்சல்ல இருக்கிற ஆருக்காவது உதவும் எண்டு எழுதுறன், கொஞ்சம் நீட்டாத்தான் வரும்.

என்ட பேர் சின்னப் பேர், அதில பிரச்சினை இல்ல. இழுபட்டது அப்பாவின்ட பேர். அப்பா இராசரத்தினம். 1979இல யாழ்ப்பாணத்தில பதிஞ்ச என்ட பேத் சேர்டிபிக்கட்டில அப்பிடித்தான் கிடக்கு, முன்னால ஒரு பெரிய 'இ' வளைச்சுப் போட்டு, கையெழுத்தில. கொழும்புக்கு வந்து எடுத்த பழைய ஐசி, அதுதான் அடையாள அட்டை, முழுக்கச் சிங்களம், அதில 'ராசரத்னம்'. பாங்க் புத்தகத்தில 'ஜே' போட்டு ராஜரட்ணம். பாஸ்போர்ட்டில அப்பாவே இல்ல, கலியாணத்துக்குப் பிறகு எடுத்தது எண்டதால அந்த இடத்தில இவரின்ட பேர்.

எங்கட வீட்டில அம்மாவோட சேர்த்து அஞ்சு பேர், மூண்டு சர்நேம். அம்மாவுக்கு அப்பாவின்ட பேர், இவருக்கு மாமாவின்ட பேர், எனக்கும் பிள்ளையளுக்கும் இவரின்ட பேர். எங்களுக்குள்ள இது ஒரு விசயமே இல்ல, ஆரின்ட பிள்ளை, ஆரின்ட மனுசி எண்டு தெரிஞ்சாச் சரி, தலைமுறை தலைமுறையா இழுத்துக்கொண்டு வாற குடும்பப் பேர் எண்டு ஒண்டு எங்களிட்ட இல்லவே இல்ல. ஆனா ஃபோர்மில அந்தக் கட்டத்துக்குப் பக்கத்தில சிவப்பு நட்சத்திரம், நிரப்பாட்டி அடுத்த பக்கம் போகாது. ஒத்தைப் பேரோட அமெரிக்காவுக்குப் போற ஆக்களுக்கு விசாவில முதற்பேர் இருக்கிற இடத்தில 'எஃப்என்யூ' எண்டு அடிச்சு விடுவினம், முதற்பேர் தெரியாது எண்டு அர்த்தமாம். நல்ல பட்டம்.

முதல் வேலை பேத் சேர்டிபிக்கட்டை ஆங்கிலத்துக்கு மாத்துறது. புதுக்கடை கோர்ட்டுப் பக்கம் போனா லோயர்மார், டைப் அடிக்கிற ஆக்கள், மொழிபெயர்ப்பாளர்மார் எல்லாம் அடுத்தடுத்துத்தான் இருக்கினம். சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிட்டத்தான் குடுக்கோணும், சும்மா தெரிஞ்ச ஆள் செய்து தந்தா எடுக்க மாட்டினம். நான் விட்ட பிழை என்னெண்டா சேர்டிபிக்கட்டை மட்டும் குடுத்திட்டு வந்திட்டன், மற்றக் கடதாசி ஒண்டும் காட்டேல்ல. அடுத்த நாள் போய்ப் பாத்தா அப்பாவின்ட பேர் ஆங்கிலத்தில 'ஐ' எழுத்தில தொடங்குது. அஞ்சாவது ஆள்!

கோபப்படவும் ஏலாது, ஏனெண்டா அந்த ஐயா சொன்னது சரிதான். "இருக்கிறதைத்தானம்மா நான் எழுதலாம், 'இ' இருக்கு, எழுதினன்." பழைய இலக்கணப்படி ர, ல, ட எல்லாம் தமிழ்ச் சொல்லுக்கு முதல்ல வராது, அதாலதான் ராமன் இராமன் ஆனது, லட்சுமி இலட்சுமி ஆனது, ருத்திரனுக்கு முன்னால 'உ' வந்து உருத்திரன். ராஜாவும் ரத்தினமும் வடமொழி, தமிழுக்குள்ள வரேக்க 'இ' எண்ட படியில கால் வச்சு ஏறி வந்தவை. அந்தப் படி ஆங்கிலத்தில தேவையில்ல, ஆனா அப்பா கையெழுத்துப் போடேக்க தமிழில 'இ', ஆங்கிலத்தில 'ஆர்' எண்டு ரெண்டு விதமாத்தான் தொடங்குவார், ஒருநாளும் குழம்பினதே இல்ல.

இதில வேடிக்கை, என்ட மகளுக்கு ஆயிலியம். டி, டு, டே, டோவில தொடங்கோணும் எண்டு மாமி பஞ்சாங்கத்தோட நிண்டவா, அப்பிடி வந்ததுதான் 'டி'யில தொடங்குற அவளின்ட பேர். ர-வுக்கு முன்னால 'இ' வச்ச எங்கட ஆக்கள் ட-வை அப்பிடியே விட்டிட்டினம். என்ன கருத்து எண்டு கேட்டா வீட்டில ஒருத்தருக்கும் சொல்லத் தெரியாது, எண் சாத்திரப்படி நம்பர் மட்டும் பொருந்துதாம்.

ஐயா பேத் சேர்டிபிக்கட்டில இன்னொரு இடத்தையும் காட்டினவர், அப்பப்பா இலங்கையில பிறந்தவரோ, எங்க, எந்த வருசம் எண்டு ஒரு கட்டம். 1948 பிரஜாவுரிமைச் சட்டத்தில தகப்பன் இங்க பிறந்திருக்கோணும், இல்லாட்டி அப்பப்பாவும் அவரின்ட தகப்பனும் பிறந்திருக்கோணும் எண்டு வச்சவை. அதைக் காட்ட ஏலாமத்தான் எத்தினையோ மலையக ஆக்கள் நாடில்லாமப் போனவை. சர்நேம் இல்லாத எங்களிட்டயே மூண்டு தலைமுறைப் பேர் கேட்டிருக்கு!

அங்க டைப் அடிச்ச பெடியன், "வாசகம மொக்கத்த?" எண்டு கேட்டான், குடும்பப் பேர் என்ன எண்டு சிங்களத்தில. இல்ல எண்டு சொல்ல நம்பேல்ல. அவனுக்குப் பேருக்கு முன்னால '-கே' எண்டு முடியிற வீட்டுப் பேர், கடைசியில பெரேரா. பெரேரா எண்டா போர்த்துக்கேய மொழியில பேரிக்காய் மரம் எண்டு சொன்னன், சிரிச்சுப்போட்டு, "அப்ப நான் கொய்யா மரம்" எண்டான், சிங்களத்தில பேர எண்டா கொய்யாதானே.

கடைசியில லோயர் சொன்ன வழி சத்தியக்கடதாசி. நாலு விதமா இருக்கிற பேரையும் எந்தக் கடதாசியில எப்பிடி இருக்கு எண்டு ஒவ்வொண்டா எழுதி, எல்லாம் நான் ஒருத்திதான் எண்டு சமாதான நீதவானுக்கு முன்னால கையெழுத்து. எல்லாத்தையும் கட்டி வச்சது ஐசி நம்பர்தான், 79இல தொடங்கி, வருசத்தில எத்தினையாம் நாள் எண்டதோட பொம்பிளைக்கு 500 கூட்டின நம்பர், அதுக்கு எழுத்துப்பிழை இல்ல. கலியாணச் சேர்டிபிக்கட்டையும் வைக்கோணும், இல்லாட்டி அப்பாவின்ட பேர் எப்பிடி இவரின்ட பேராச்சு எண்டு கேப்பினம். மொழிபெயர்ப்பு திரும்பச் செய்தது, இந்த முறை பாஸ்போர்ட், ஐசி, பாங்க் புத்தகம் எல்லாத்தின்ட கொப்பியோட போனன். எல்லாமா மூண்டு கிழமை, அதில ஒரு கிழமை என்ட பிழையால.

விசா வந்திட்டுது. பழைய மொழிபெயர்ப்பையும் நான் எறியேல்ல, 'ஐ' போட்ட அப்பா ஃபைலுக்கு அடியில இருக்கிறார்.