டூம்: பழைய ருசி கெடாமல் ஆட

1993 டிசம்பரில் இட் சாஃப்ட்வேர் வெளியிட்ட துப்பாக்கிச் சண்டை கேமான டூமை இன்றைய கணினியில் ஓட்டப் பலரும் ஜிஇசட்டூமைத்தான் இறக்குகிறார்கள். நல்ல மென்பொருள்தான், ஆனால் பழைய ஆட்டம் அதில் அப்படியே கிடைக்காது. அதற்கு, பழைய ஆட்டத்தை உள்ளபடியே ஓட்டும் சாக்லேட் டூம் மென்பொருள்தான் சரி.

இலவச ஷேர்வேரின் (முன்னோட்டப் பதிப்பின்) டூம்1.வாட் என்ற கேம் தரவுக் கோப்பைச் சாக்லேட் டூம் இருக்கும் ஃபோல்டரிலேயே போட்டால் முதல் எபிசோடின் ஒன்பது மேப்களும் ஓடும். முதலில் அதன் செட்டப்பைத் திறந்து இரண்டு விஷயங்களைப் பாருங்கள். டிஸ்பிளேயில் ஆஸ்பெக்ட் ரேஷியோ (அகல உயர விகிதம்) திருத்தம் ஆனில் இருக்கட்டும். படம் 320x200தான் என்றாலும் அன்றைய 4:3 மானிட்டர் அதை உயரவாக்கில் இழுத்துக் காட்டியது. திருத்தாவிட்டால் இம்ப் என்ற அரக்கன் குள்ளமாகத் தெரியும். அடுத்து, மவுஸின் மேல்கீழ் அசைவை அணைத்துவிடுங்கள். இதில் மவுஸை முன்னே தள்ளினால் பார்வை உயராது, ஆளே முன்னால் நடப்பான். குறிவைக்கும்போது அமிலக் குட்டையில் விழுவது இதனால்தான்.

ஷாட்கன்தான் இந்த ஆட்டத்தின் உயிர். ஒரு சுடுதலுக்கு 7 குண்டுகள், ஒவ்வொன்றும் 5, 10 அல்லது 15 சேதம், சராசரி மொத்தம் 70. இம்புக்கு உயிர் 60. கிட்டே போய்ச் சுட்டால் பெரும்பாலும் ஒரே அடி. தள்ளி நின்றால் குண்டுகள் சிதறிப் பாதி வீணாகும். தொடர்ந்து சுடும் துப்பாக்கியான செயின்கன்னில் பட்டனை அழுத்திப் பிடிக்காதீர்கள். தட்டித் தட்டி விட்டால் இரண்டிரண்டு குண்டுகளாக நேரே பாயும், தூரத்துச் சிப்பாய்க்கு அதுவே போதும்.