சாவி யார் பையில் இருக்கிறது

காற்றாலைகளைக் கண்காணிக்கிற வேலை எனக்கு. ஆலைகள் முப்பந்தல், ஆரல்வாய்மொழி, கயத்தாறு பக்கம் நிற்கின்றன. நான் வாரத்தில் பாதி நாள் அலுவலகக் கட்டுப்பாட்டு அறையிலும் மீதி நாள் திருநெல்வேலியில் என் வீட்டு மேசையிலும் உட்கார்ந்து அவற்றைப் பார்த்துக்கொள்கிறேன். "கரண்ட் வேலையை எப்படி வீட்டிலிருந்து பார்ப்பீங்க?" என்று சொந்தக்காரர்கள் கேட்பார்கள். நியாயமான கேள்விதான். கொரோனாவுக்குப் பிறகு எங்கள் துறையில் நிறைய பேருக்கு இந்தப் பாதி வீடு, பாதி ஆபீஸ் ஏற்பாடு வந்துவிட்டது, ஆனால் அது யாருக்கு வந்தது, யாருக்கு வரவில்லை என்பதைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில், வீட்டிலிருந்து செய்ய முடிகிற வேலை நிஜமாகவே இருக்கிறது. காற்று நாளை எப்படி வீசும், எவ்வளவு மின்சாரம் வரும் என்று முன்கூட்டியே கணித்துக் கொடுக்க வேண்டும். ஒரு நாளைப் பதினைந்து நிமிடத் துண்டுகளாக வெட்டினால் 96 துண்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு எண். கணிப்பு ரொம்பத் தப்பினால் அபராதம். இதற்கு வேண்டியது கம்ப்யூட்டரும், நல்ல வானிலைத் தகவலும், ஆடி மாதக் காற்றின் குணம் தெரிந்த ஆளும்தான். ஆபீஸ் நாற்காலி அவசியமே இல்லை. வரைபட வேலை, ரிலே (கோளாறு வந்தால் மின்சாரத்தைத் துண்டிக்கச் சொல்லும் கருவி) அமைப்புக் கணக்கு, பில் சரிபார்ப்பு, டெண்டர் ஆவணம் எல்லாம் அதே ரகம். இதற்காக ஒருவரைத் தினமும் இரண்டு மணி நேரம் பஸ்ஸில் அலைய வைப்பதில் யாருக்கும் லாபம் இல்லை.

தூரத்திலிருந்து இயக்குவதும் எங்கள் துறைக்குப் புதிதல்ல. எந்த நிலையம் எப்போது எவ்வளவு மின்சாரம் தர வேண்டும் என்று பார்த்துச் சொல்கிற, சென்னையில் இருக்கிற மாநில மின்சுமை பகிர்வு மையமும் பெங்களூரில் இருக்கிற தென் மண்டல மையமும் எத்தனையோ வருடங்களாக நூற்றுக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கிற நிலையங்களுக்கு உத்தரவு கொடுத்துக்கொண்டுதான் இருக்கின்றன. பவர்கிரிட் நிறுவனம் 2015-ல் ஹரியானாவின் மானேசரில் ஒரு தேசிய மையத்தைத் திறந்து, நாடு முழுக்க உள்ள தன் சப் ஸ்டேஷன்களை அங்கிருந்தே இயக்க ஆரம்பித்தது. ஆனால் தூரத்திலிருந்து வேலை செய்வது வேறு, வீட்டிலிருந்து வேலை செய்வது வேறு. மானேசரில் இருப்பவர் தன் வீட்டு வைஃபையில் பிரேக்கரைத் திறப்பதில்லை (பிரேக்கர் என்பது பெரிய சுவிட்ச், திறந்தால் மின்சாரம் நிற்கும்). அவருக்குத் தனி அறை, தனி இணைப்பு, மாற்று மின்சாரம், பக்கத்தில் இன்னொரு கண் எல்லாம் உண்டு.

2020 ஏப்ரல் 5 ஞாபகம் இருக்கும். இரவு 9 மணிக்கு ஒன்பது நிமிடம் விளக்கை அணைக்கச் சொன்ன நாள். நாம் வாசலில் அகல் விளக்கோடு நின்றோம், அதே நேரத்தில் நாட்டின் எல்லாச் சுமை மையங்களிலும் ஆட்கள் திரையில் ஒரே ஒரு எண்ணைப் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். 50 ஹெர்ட்ஸ். அதுதான் மின்சாரத்தின் அலைவெண். உற்பத்தியும் தேவையும் சமமாக இல்லாவிட்டால் அது ஏறும் அல்லது இறங்கும், கொஞ்சம் விலகினாலே கவலை. 12,000, 13,000 மெகாவாட் தேவை குறையும் என்று எதிர்பார்த்து ஏற்பாடு செய்திருந்தார்கள், குறைந்ததோ 31,000 மெகாவாட்டுக்கும் மேல். நீர்மின் நிலையங்கள் மட்டும் 17,000 மெகாவாட்டுக்கு மேல் இறக்கி, அடுத்த சில நிமிடங்களில் மறுபடி ஏற்றின. அலைவெண் 49.70-க்கும் 50.26-க்கும் நடுவிலேயே நின்றது. ஊரே வீட்டில் அடைந்து கிடந்த அந்த மாதத்தில் இந்த ஆட்கள் வேலைக்குப் போய்த்தான் இதைச் செய்தார்கள். நியூயார்க் மாநிலத்தில் மின்கட்டமைப்பை நடத்துகிற அமைப்பு ஒரு படி மேலே போய், தொற்று வந்துவிடக் கூடாதென்று கட்டுப்பாட்டு அறை ஆட்களை வளாகத்துக்குள்ளேயே டிரெய்லர்களில் தங்க வைத்தது. வீட்டுக்கு அனுப்ப முடியாத வேலை என்றால் அதுதான்.

ஏன் முடியாது? இணையம் போய்விடும் என்பது சின்னக் காரணம். பெரிய காரணம் உக்ரைனில் நடந்தது. 2015 டிசம்பர் 23 அன்று மூன்று மின் விநியோக நிறுவனங்களுக்குள் ஒரே நேரத்தில் ஆட்கள் புகுந்தார்கள். கதவை உடைக்கவில்லை. பல மாதங்களுக்கு முன்பே போலி மின்னஞ்சல் அனுப்பி, ஊழியர்களின் கடவுச்சொற்களைத் திருடி, அவர்கள் வெளியிலிருந்து வேலை பார்க்க வைத்திருந்த அதே வழியாக உள்ளே வந்தார்கள். கட்டுப்பாட்டு அறையில் இருந்தவர் கண் எதிரே மவுஸ் அம்பு தானாக நகர்ந்து ஒவ்வொரு பிரேக்கராகத் திறந்தது, அவரால் ஒன்றும் செய்ய முடியவில்லை. ஏறக்குறைய இரண்டேகால் லட்சம் இணைப்புகளுக்கு மின்சாரம் போனது, அதுவும் குளிர்காலத்தில். அதைத் திரும்பக் கொண்டுவந்தது எந்தக் கம்ப்யூட்டரும் இல்லை. ஆட்கள் வண்டி எடுத்துக்கொண்டு ஒவ்வொரு சப் ஸ்டேஷனாகப் போய், கையால் பிரேக்கரைப் போட்டார்கள். சில மணி நேரத்தில் விளக்கு எரிந்தது. கையால் போடத் தெரிந்த ஆள் அங்கே இன்னும் வேலையில் இருந்ததால் எரிந்தது.

நமக்கு ரொம்பப் பக்கத்திலும் ஒன்று நடந்திருக்கிறது. 2019-ல் கூடங்குளம் அணுமின் நிலையத்தின் நிர்வாகக் கம்ப்யூட்டர் ஒன்றில் தீநிரல் புகுந்ததை அணுமின் கழகமே ஒப்புக்கொண்டது. உலையை இயக்கும் அமைப்பு வெளி இணைப்பே இல்லாமல் தனியாக இருந்ததால் அதைத் தொடவில்லை. அதனால் வீட்டிலிருந்து நான் பார்க்கும் திரையில் பார்க்க மட்டும்தான் முடியும், இயக்க முடியாது என்று கம்பெனி வைத்திருக்கிறதே, அதை நான் முழு மனதோடு ஆதரிக்கிறேன். நின்ற ஆலையை மறுபடி ஓட வைக்கிற ரீசெட் பட்டன் ஆபீசுக்குப் போனால்தான். சில நண்பர்கள் இதைப் பழங்காலத்து யோசனை என்கிறார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

சரி, களத்துக்கு வருவோம். ஒரு காற்றாலையில் பழுது என்றால் டெக்னீஷியன் முதலில் கோபுரத்தின் அடியில் இயந்திரத்தை சர்வீஸ் நிலைக்கு மாற்றுவார். மாற்றிவிட்டால் தூரத்திலிருந்து யார் என்ன அழுத்தினாலும் அது சுற்றாது. அதற்கு மேல் ஒரு பூட்டு. அப்புறம் எனக்கு போன்.

"அண்ணாச்சி, சர்வீஸ்ல போட்டாச்சா?"

"போட்டாச்சு சார். சாவி என் பைலதான் இருக்கு. ஏறுறோம்."

அதன் பிறகு அவர் இறங்கி வந்து, தானே பூட்டைத் திறந்து, தானே போன் பண்ணும் வரை அந்த ஆலை என் திரையில் இருந்தாலும் என்னுடையது இல்லை. இறங்கி வர எவ்வளவு நேரமானாலும் சரி, காற்று அள்ளிக்கொண்டு அடித்தாலும் சரி, மேலதிகாரி "என்னப்பா இன்னும் நிக்குது" என்று கேட்டாலும் சரி.

மின்வாரியத்தில் எல்.சி. என்று சொல்வதும் இதேதான். லைன் கிளியர். பீடரை (அந்தப் பகுதிக்கு மின்சாரம் கொண்டுபோகிற லைனை) நிறுத்தி, லைனைக் கண்ணுக்குத் தெரியப் பிரிக்கிற ஐசோலேட்டரைத் திறந்து, லைனைத் தரையோடு இணைக்கிற எர்த் ராடு மாட்டி, எழுத்தில் அனுமதி வாங்கிய பிறகுதான் கம்பத்தில் ஏற வேண்டும். வாங்கியவரே திருப்பிக் கொடுக்க வேண்டும், அவருக்காக வேறொருவர் கொடுக்கக் கூடாது. ஒரே லைனில் இரண்டு குழு வேலை செய்தால் இரண்டு எல்.சி.யும் திரும்பி வந்தால்தான் சப்ளை. இதில் வெளியாட்களுக்குத் தெரியாத ஒரு விஷயம்: திரையில் ஐசோலேட்டர் "திறந்திருக்கிறது" என்று பச்சை விளக்கு காட்டுவது அதோடு ஒட்டிய ஒரு சின்ன துணைச் சுவிட்ச் அனுப்பும் தகவல், அவ்வளவுதான். மூன்று பேஸில் ஒரு பேஸின் பிளேடு துருப்பிடித்துப் பாதியில் நின்றிருக்கலாம். அது திரைக்குத் தெரியாது. கீழே நின்று அண்ணாந்து, மூன்றும் பிரிந்திருக்கிறதா என்று கண்ணால் பார்க்கிறவருக்குத்தான் தெரியும். சப்ளையை நிறுத்திய பிறகும் ஏதோ ஒரு கல்யாண மண்டபத்து ஜெனரேட்டர் தப்பான இணைப்பில் லைனுக்கு மின்சாரத்தைத் திருப்பி அனுப்பலாம். எர்த் ராடு அதற்காகத்தான். 2018-ல் கஜா புயல் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கம்பங்களைச் சாய்த்தபோது, தண்ணீர் தேங்கிய வயல்களில் இறங்கி அவற்றை நிறுத்தியவர்கள் இந்த ஆட்கள்தான், அதுவும் பல பேர் வேறு மாவட்டங்களிலிருந்து வந்து வாரக்கணக்கில் தங்கி.

இப்போது என் ஆதங்கத்துக்கு வருகிறேன். வீட்டிலிருந்து வேலை என்ற வசதி முழுக்க மேசைக்காரர்களான எங்களுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. பெட்ரோல் மிச்சம், நேரம் மிச்சம், மதியம் பிள்ளையோடு சாப்பாடு. நூறு மீட்டர் கோபுரத்தில் ஏறுகிறவருக்கு என்ன மிச்சம்? ஒன்றும் இல்லை. பல இடங்களில் அவர் ஒப்பந்தத் தொழிலாளி வேறு. "அது அப்படிப்பட்ட வேலை, என்ன செய்ய" என்று சொல்லிவிட்டு நகர்கிறோம். இந்த இடைவெளி நியாயமில்லை என்பது ஒன்று, ஆபத்தும்கூட என்பது இன்னொன்று. சமீபத்தில் வேலைக்குச் சேரும் பிள்ளைகள் நேராக வீட்டு மேசையில் உட்காருகிறார்கள். கியர் பாக்ஸ் எண்ணெய்ச் சூடு 70 டிகிரி என்றால் அவர்களுக்கு அது வெறும் எண். கோபுர உச்சியில் இயந்திரம் இருக்கிற அந்தக் கூண்டுக்குள் ஒரு மே மாத மதியம் நின்றவருக்கு அது வியர்வையும் எண்ணெய் வாடையும். போனில் "இன்னும் எவ்வளவு நேரம்?" என்று யார் எப்படிக் கேட்கிறார்கள் என்பதில் இந்த வித்தியாசம் உடனே தெரிந்துவிடும்.

அதனால் நான் கேட்பது, இந்தப் பாதிப் பாதி ஏற்பாடு இரண்டு பக்கமும் நடக்க வேண்டும். மேசைக்காரர் மாதத்தில் சில நாள் களத்தில் இருக்க வேண்டும், ஹெல்மெட் போட்டுப் படம் எடுக்க இல்லை, அண்ணாச்சியோடு கருவிப்பையைத் தூக்கிக்கொண்டு கூட ஏற. அதே போல டெக்னீஷியனுக்கும் மாதத்தில் சில நாள் வீட்டு வேலை நாளாக வேண்டும். அவருக்கு எழுத்து வேலை இல்லையா என்ன? பழுது அறிக்கை, உதிரிபாகப் பட்டியல், பயிற்சி வகுப்பு, பாதுகாப்புத் தேர்வு எல்லாம் இருக்கிறது. இப்போது அதையெல்லாம் ராத்திரி சாப்பிட்ட பிறகு, செல்போனில், தன் சொந்த டேட்டாவில் செய்கிறார். ஒரு லேப்டாப் கொடுத்து, அந்த நாளை முழுச் சம்பளத்தோடு பணி நாளாகக் கணக்கு வைத்தால் போதும். ஒப்பந்தத் தொழிலாளிக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

காற்று குறைகிற ஐப்பசியில் இதை ஒரு சைட்டில் மட்டும் செய்து பார்க்கலாம் என்று எங்கள் குழுவில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். "ஆள் பற்றாது" என்பதுதான் முதல் பதிலாக வந்தது. அப்படியானால் ஆளைக் கூட்ட வேண்டும், அதையும் எழுதிக் கொடுத்தாயிற்று. உங்கள் நிறுவனத்திலோ மின்வாரியப் பிரிவிலோ களத்து ஆட்களுக்கு இப்படி ஏதாவது ஏற்பாடு இருந்தால் விவரம் சொல்லுங்கள், அடுத்த கூட்டத்தில் காட்ட எனக்கு உதவும்.