சனிக்கிழமை திறந்திருந்த வீடு

லாஸ் ஏஞ்சல்ஸில் ஃப்ராங்க்ளினும் வெர்மாண்ட்டும் சந்திக்கிற முனையில் 'ஃபாரஸ்ட் ஜே அக்கர்மன் சதுக்கம்' என்று ஒரு பெயர்ப்பலகை இருக்கிறது. அதைப் பார்க்கவே பஸ் பிடித்துப் போனேன். பலகைக்குக் கீழே நின்றபோது தொண்டை அடைத்துக்கொண்டது.

அக்கர்மன் 1916-ல் இதே ஊரில் பிறந்தவர். ஒன்பது வயதில் 'அமேஸிங் ஸ்டோரீஸ்' என்ற அறிவியல் புனைகதைப் பத்திரிகையின் 1926 அக்டோபர் இதழ் கையில் கிடைத்தது. அன்று பிடித்த பித்து கடைசிவரை விடவில்லை. கதைகள் எழுதினார், மற்ற எழுத்தாளர்களுக்கு முகவராக இருந்தார், 1954-ல் அறிவியல் புனைகதையைக் (சயன்ஸ் ஃபிக்‌ஷன்) குறிக்க 'சை-ஃபை' என்ற சுருக்கச் சொல்லைப் புழக்கத்தில் விட்டார். எனக்கு இதையெல்லாம்விடப் பெரிதாகத் தெரிவது 1939. நியூயார்க்கில் நடந்த முதல் உலக அறிவியல் புனைகதை மாநாட்டுக்குப் போக, பின்னாளில் பெரிய எழுத்தாளரான ரே பிராட்பரியிடம் காசில்லை. அப்போது அவருக்குப் பதினெட்டு வயது. கடன் கொடுத்து அனுப்பியவர் அக்கர்மன்தான். அதே மாநாட்டுக்கு அக்கர்மன் எதிர்கால மனிதனின் உடையில் போனார். அதைத் தைத்தவர் உடன் போன மிர்ட்டில் டக்ளஸ். அவரும் அப்படியே உடுத்தியிருந்தார். கதாபாத்திரங்களைப் போல ரசிகர்கள் வேடமிட்டு வருகிற இன்றைய காஸ்ப்ளேக்கு அதுதான் தொடக்கம் என்பார்கள். அந்தப் பெண்ணின் பெயரிலும் ஒரு பலகை வைத்திருக்கலாம்.

அங்கிருந்து க்ளெண்டவர் அவென்யூவுக்கு நடந்தேன். செங்குத்தான ஏற்றம், வெயில் வேறு. இரண்டு இடத்தில் நின்று மூச்சு வாங்க வேண்டியிருந்தது. இந்தத் தெருவில்தான் அவருடைய பதினெட்டு அறை வீடு, 'அக்கர்மான்ஷன்'. புத்தகம், சுவரொட்டி, சினிமாவில் வந்த பொம்மை, முகமூடி என்று சுமார் 3,00,000 பொருட்கள். சனிக்கிழமையானால் யார் வேண்டுமானாலும் வரலாம். அவரே கூட்டிப்போய்க் காட்டுவார். 1951 முதல் 2002 வரை, முந்தைய வீட்டையும் சேர்த்து, ஏறக்குறைய 50,000 பேர் அப்படி வந்திருக்கிறார்கள். தெரியாத பிள்ளைகளை நம்பி வீட்டைத் திறந்துவிட எவ்வளவு பெரிய மனசு வேண்டும்!

இப்போது அங்கே வேறு யாரோ குடியிருக்கிறார்கள். எதிர்ப்பக்கம் நின்று பார்த்தேன், படம் எடுக்கவில்லை.

அத்தனையையும் ஒரே இடத்தில் வைத்துக் காக்க ஓர் அருங்காட்சியகம் அமையவே இல்லை. உடல்நலம் குன்றியது, வழக்குச் செலவு வேறு; பெரும்பகுதியை விற்றுவிட்டுச் சின்ன வீட்டுக்கு மாறினார். நினைத்தால் இன்னும் ஆறவில்லை. 2008 டிசம்பரில், 92 வயதில் காலமானார். அந்தச் சின்ன வீட்டிலும் சனிக்கிழமை வந்தால் கதவைத் திறந்து வைத்திருந்தாராம். சினிமாவில் டிராகுலாவாக நடித்த பெலா லுகோசியின் டிராகுலா மோதிரம் விரலில் இருக்குமாம், வந்தவர்களுக்குக் காட்ட.

நான் போனதும் ஒரு சனிக்கிழமைதான்.