பூனை வாயைத் திறந்து மூச்சு விட்டால்

எங்கள் பூனை கறுப்பனுக்கு இதயக் கோளாறு இருப்பது, அவனுக்கு மூச்சு முட்டிய அன்றுதான் தெரிந்தது. நாய்க்கு இதயம் கெட்டால் இருமும். பூனை பெரும்பாலும் இருமாது. சோறு இறங்காது, எங்காவது போய் ஒளிந்துகொள்ளும். அன்று மதியம் நெல் மூட்டைகளுக்குப் பின்னால் கிடந்தான். முழங்கைகளை அகட்டி, கழுத்தை நீட்டி, வாயைத் திறந்தபடி மூச்சு விட்டான். வயிறு துருத்தி போல ஏறி இறங்கியது. நாக்கில் நீலம் ஓடியிருந்தது.

அத்தை, "சளிதான்டா, கொஞ்சம் ஓமத் தண்ணி ஊத்து" என்றார். மாட்டுக்கும் மனுஷனுக்கும் பார்த்துப் பழகிய கை அது. ஆனால் திணறும் பூனையின் வாயில் எதை ஊற்றினாலும் நுரையீரலுக்குள் போய்விடலாம். தெரிந்த கால்நடை மருத்துவருக்குப் போன் போட்டேன். "தம்பி, மடியில வெச்சுக் கொஞ்சாதீங்க, மல்லாத்தாதீங்க. எப்படி உக்காந்திருக்கோ அப்படியே கொண்டு போங்க. ஆக்சிஜன் இருக்கான்னு கேட்டுட்டுக் கெளம்புங்க" என்றார்.

டிவியை அணைத்து, பிள்ளைகளைத் திண்ணைக்கு அனுப்பினோம். பழைய வேட்டியை மேலே போட்டு, அள்ளி, பிளாஸ்டிக் பழக்கூடையில் வைத்து, இன்னொரு கூடையைக் கவிழ்த்துக் கட்டினேன். சுற்றிலும் ஓட்டை, காற்றுக்குப் பஞ்சமில்லை. பயந்தால் இதயம் இன்னும் வேகமாக அடிக்கும், நுரையீரலில் இன்னும் நீர் கோக்கும். அதனால் பூனையை எவ்வளவு குறைவாகத் தொடுகிறோமோ அவ்வளவு நல்லது.

மன்னார்குடியிலிருந்து ஒரத்தநாடு கால்நடை மருத்துவக் கல்லூரிக்குக் கார் பிடித்தோம். குறுவை அறுப்பு நேரம். ரோட்டில் பாதி நெல் காய்ந்துகொண்டிருந்தது. ஹாரன் அடிக்க வேண்டாம் என்று டிரைவர் அண்ணனிடம் கெஞ்சினேன். நெல்லைக் கிளறிக்கொண்டிருந்தவர்கள்தான் பாவம், திடுக்கிட்டு ஒதுங்கினார்கள்.

அங்கே முதலில் முகத்தருகே ஆக்சிஜன், அப்புறம் நீரை இறக்கும் ஃபுரோசமைடு ஊசி. எக்ஸ்ரே, ஸ்கேன் எல்லாம் மூச்சு நிதானப்பட்ட பிறகுதான். கூடைக்குள் விரித்த பேப்பர் நனைந்ததும் டாக்டர் முகம் தெளிந்தது: கோத்த நீர் சிறுநீராக இறங்குகிறது. இதயத் தசை தடித்திருப்பதாக ஸ்கேனில் தெரிந்தது. பூனைகளுக்கு அதிகம் வரும் இதய நோய் இதுதானாம்.

இப்போது தினமும் மாத்திரை. தூங்கும்போது நெஞ்சு ஏறி இறங்குவதை அரை நிமிஷம் எண்ணி இரண்டால் பெருக்குகிறேன். நிமிஷத்துக்கு 30-ஐத் தாண்டினால் டாக்டருக்குப் போன். அவசரத்துக்கு எவ்வளவு கூடுதல் மாத்திரை என்று அவரே எழுதிக் கொடுத்திருக்கிறார்; நம் கணக்கில் கூட்டக் கூடாது.

இன்னொரு ஆபத்தையும் சொல்லி அனுப்பினார். இதயத்தில் உறையும் ரத்தக்கட்டி பின்னங்கால் ரத்தக்குழாயை அடைத்துவிடலாம். திடீரென்று கால் இழுத்துக்கொண்டு, தொட்டால் சில்லென்று இருந்து, பூனை கத்தினால் எண்ணெய் தேய்ப்பது, ஒத்தடம் கொடுப்பதெல்லாம் வேண்டாம், உடனே கிளம்ப வேண்டும். வலிக்கிறதே என்று வீட்டில் இருக்கும் பாரசிட்டமாலை மட்டும் கொடுத்துவிடாதீர்கள்; பூனைக்கு அது விஷம்.